பன்னிரண்டு மிட்டாய், ஆறு ரூபாய்: ஏழாம் வகுப்பில் ஓரலகு முறை குறித்த ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

திண்டுக்கல் மாவட்டத்தில் நிலக்கோட்டையைச் சுற்றியுள்ள ஊர்களில் ஒன்றிலுள்ள ஊராட்சி ஒன்றிய நடுநிலைப் பள்ளியில், ஏழாம் வகுப்பில் நடந்ததை இந்தக் குறிப்பு பதிவு செய்கிறது. வகுப்பில் 28 மாணவர்கள். பாதிக்கு மேற்பட்டோரின் வீடுகளில் மல்லிகைத் தோட்டம் இருக்கிறது. மற்றவர்களில் பலரின் பெற்றோர் பூப்பறிக்கும் கூலிக்குச் செல்கிறார்கள். மல்லிகையின் விலை அன்றாடம் மாறக்கூடியது, முகூர்த்த நாட்களில் சட்டென்று ஏறக்கூடியது என்பதால், கிலோ என்ன விலைக்குப் போனது என்ற பேச்சு அந்த வீடுகளில் நாள்தோறும் நடக்கிறது. ஓரலகு முறையை, அதாவது முதலில் ஒன்றுக்கு எவ்வளவு என்று கண்டு அதிலிருந்து கேட்ட அளவுக்குப் போகும் முறையை, கற்பிக்க இதைவிட வாய்ப்பான ஊர் அமையாது என்றுதான் தோன்றும்.

ஆனால் கணித ஆசிரியை சொன்ன நிலை வேறு. ஆறாம் வகுப்பின் முதல் பருவத்தில் விகிதம், விகிதசமம் பாடத்தோடு ஓரலகு முறை வந்துவிடுகிறது. ஏழாம் வகுப்பின் முதல் பருவத்தில் வரும் நேர், எதிர் விகிதங்கள் பாடம் அதன் மேல் எழுப்பப்படுகிறது. ஒன்று இரு மடங்கானால் மற்றதும் இரு மடங்காவது நேர் விகிதம், மற்றது பாதியாவது எதிர் விகிதம். மாணவர்கள் நேர் விகிதத்தின் வரையறையைப் பிழையின்றி ஒப்பித்தார்கள், வகுத்தலும் பெருக்கலும் ஓரளவு நன்றாகவே செய்தார்கள், இருந்தும் வாக்கியக் கணக்கு என்று வந்தவுடன் விடைகள் நாலாபக்கமும் சிதறின. வட்டார வள மையத்தின் ஆசிரியர் பயிற்றுநர் என்ற முறையில் அந்தப் பள்ளிக்குச் சென்று வந்த எனக்கு, அந்தச் சிதறலுக்குள் ஏதேனும் ஒழுங்கு இருக்கிறதா என்று பார்க்க வேண்டும் என்று பட்டது. பாடத்தைத் தொடங்குவதற்கு முன் ஒரு சிறு கண்டறிதல் தேர்வு வைப்பது என்று இருவரும் முடிவு செய்தோம்.

கண்டறிதல் தேர்வில் தெரிந்தவை

கேள்விகளில் இரண்டை வேண்டுமென்றே ஒரே எண்களைக் கொண்டு அமைத்தோம். முதலாவது: 12 மிட்டாய் 6 ரூபாய் என்றால் 20 மிட்டாய் எத்தனை ரூபாய்? மற்றொன்று சில கேள்விகள் தள்ளி வந்தது: அக்காவுக்கு 12 வயதாக இருக்கும்போது தம்பிக்கு 6 வயது, அக்காவுக்கு 20 வயதாகும்போது தம்பிக்கு என்ன வயது? முதல் கேள்விக்கு விடை 10, இரண்டாவதற்கு 14. எண்கள் ஒன்றாகவே இருப்பதால், எழுதிய விடையைப் பார்த்த மாத்திரத்தில் மாணவர் எந்த வழியில் போனார் என்று தெரிந்துவிடும் என்பது எங்கள் எண்ணம்.

5 பேனா 40 ரூபாய், 8 பேனா எவ்வளவு என்ற கேள்விக்கு ஏறத்தாழ எல்லோருமே 64 என்று சரியாக எழுதியிருந்தார்கள். மிட்டாய்க் கணக்கிலோ பாதிக்குச் சற்றுக் கூடுதலானவர்களின் விடை 40 ரூபாய். 12ஐ 6ஆல் வகுத்து 2 என்று கண்டு, அதற்கு எதிரே 'ஒரு மிட்டாயின் விலை 2 ரூபாய்' என்று எழுதி, 20ஐ 2ஆல் பெருக்கியிருந்தார்கள். படிகள் வரிசையாக, ஓரலகு முறைக்குரிய எல்லா அலங்காரத்தோடும் இருந்தன. பேனாக் கணக்கைச் சரியாகச் செய்த அதே மாணவர்கள் இதைத் தவறவிட்டதற்குக் காரணம் தேடி அவர்களிடம் பேசியபோது, ஒருவர் விடாமல் சொன்ன விதி இதுதான்: பெரிய எண்ணைச் சின்ன எண்ணால் வகுக்க வேண்டும். யாரும் அவர்களுக்கு இப்படிச் சொல்லிக்கொடுக்கவில்லை. அவர்கள் அதுவரை செய்த பயிற்சிகளில் பெரும்பாலும் விலை பெரிய எண்ணாகவும் பொருள்களின் எண்ணிக்கை சிறிய எண்ணாகவும் இருந்ததால், அந்த விதி அவர்களுக்குத் தொடர்ந்து சரியான விடையைக் கொடுத்து வந்திருக்கிறது. தொடர்ந்து பலன் தரும் விதியைக் குழந்தை சந்தேகிக்க வேண்டிய அவசியம் என்ன?

மிட்டாய்க் கணக்குக்கு 14 என்று எழுதியவர்கள் ஒரு சிறு கூட்டம். 12க்கும் 6க்கும் வித்தியாசம் 6, ஆகவே 20இலிருந்து 6 குறைய வேண்டும் என்பது அவர்கள் கணக்கு. இதே கூட்டம் பாயசக் கணக்கிலும் மாட்டியிருந்தது. 4 டம்ளர் பாலுக்கு 6 கரண்டி சர்க்கரை என்றால் 6 டம்ளர் பாலுக்கு எத்தனை கரண்டி என்பதற்கு, 9 என்று வருவதற்குப் பதிலாக 8 என்று எழுதியிருந்தார்கள். வயதுக் கணக்கில் மட்டும் இவர்கள் விடை சரி. அங்கே கூட்டல்தான் பொருந்தும். வகுத்துப் பெருக்கியவர்களில் சிலர் தம்பிக்கு 10 வயது என்றும், ஒரு மாணவர் 40 வயது என்றும் எழுதியிருந்தார்கள். அக்காவைவிடத் தம்பி இருபது வயது மூத்தவனாகிவிட்டது அவர் கண்ணில் படவில்லை.

கடைசிக் கேள்வி பூவைப் பற்றியது: 250 கிராம் மல்லிகை 150 ரூபாய் என்றால் 700 கிராம் எவ்வளவு? ஒரு மாணவி தாளில் 250÷150 என்று எழுதி, 1 மீதி 100 என்பதோடு நிறுத்தியிருந்தார். தாளை ஒதுக்கிவைத்துவிட்டு வாயால் சொல்லச் சொன்னபோது, சற்றும் தயங்காமல் சொன்னார்: "கால் கிலோ நூத்தம்பதுன்னா கிலோ அறுநூறு டீச்சர். அரைக் கிலோ முந்நூறு. எரநூறு கிராம் நூத்தியிருவது. நானூத்தியிருவது ரூவா." தேர்வுத் தாள்கள் எல்லாவற்றையும்விட இந்த ஒரு பதில்தான் அடுத்து என்ன செய்வது என்பதைத் தீர்மானித்தது. கிலோவை ஓரலகாகக் கொண்டு மனத்துக்குள் சரியாக நடந்த கணக்கு, பேனாவைக் கையில் எடுத்தவுடன் எண்களின் அளவைப் பார்த்து வகுக்கும் வேறொரு பழக்கத்துக்குக் கைமாறிவிடுகிறது.

எடுத்த முடிவுகளும் அவற்றின் காரணங்களும்

ஆசிரியைக்கு முதலில் தோன்றிய வழி குறுக்குப் பெருக்கல். மூன்று எண்கள் தெரியும், நான்காவது தெரியாது. குறுக்கே பெருக்கி வகுத்தால் விடை வந்துவிடும், தேர்வில் மதிப்பெண்ணும் தப்பாது என்பது அவர் வாதம். அந்த வாதத்தை லேசாகத் தள்ளிவிட முடியாது. 5ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஆரியபட்டர் வகுத்துச் சொன்ன மூன்றெண் விதியும் அதே வேலையைத்தான் செய்கிறது: வேண்டிய அளவைக் கிடைத்த பயனால் பெருக்கி, கொடுத்த அளவால் வகுப்பது. நூற்றாண்டுகளாகக் கணக்கர்களுக்கும் வணிகர்களுக்கும் அந்த விதி உதவியிருக்கிறது. ஆனால் அவர்கள் எந்த எண் எந்த இடத்துக்குரியது என்று தெரிந்தவர்கள். எங்கள் மாணவர்களின் சிக்கலே அந்த இடத்தில்தான் இருந்தது. குறுக்குப் பெருக்கலில் நடுவில் வரும் 20×6=120 என்ற எண் ரூபாயும் இல்லை, மிட்டாயும் இல்லை; வழி தவறிய மாணவர் அதைப் பார்த்துத் தம் தவறைக் கண்டுகொள்ள அதில் எதுவும் கிடையாது. ஓரலகு முறையின் நடு எண்ணுக்கோ ஒரு பொருள் உண்டு, அதைக் கடையில் கேட்டுச் சரிபார்க்கலாம். ஆகவே குறுக்குப் பெருக்கலைப் பாடத்தின் கடைசிக்குத் தள்ளிவைத்தோம்.

அடுத்த முடிவு சற்று நுட்பமானது. 12÷6=2 என்று எழுதியதைத் தவறு என்று அடிப்பதில்லை என்று தீர்மானித்தோம். அந்த 2 உண்மையில் சரியான எண். ஒரு ரூபாய்க்கு 2 மிட்டாய் என்பதே அதன் பொருள். மாணவர் செய்த பிழை, அதற்கு ரூபாய் என்று பெயர் வைத்தது. இரண்டு அளவுகள் நேர் விகிதத்தில் வரும் எந்தக் கணக்கிலும் இரண்டு ஓரலகு வீதங்கள் இருக்கின்றன: ஒரு மிட்டாய்க்கு அரை ரூபாய், ஒரு ரூபாய்க்கு 2 மிட்டாய். இரண்டில் எதைக் கொண்டும் விடைக்குப் போகலாம், ஒன்றில் 20ஐப் பெருக்க வேண்டும், மற்றதில் 20ஐ வகுக்க வேண்டும், அவ்வளவுதான் வேறுபாடு. எனவே எதை எதனால் வகுப்பது என்ற கேள்வியை வகுப்பிலிருந்து அகற்றிவிட்டு, வகுத்து வந்த எண்ணை 'ஒரு ... க்கு ... ' என்று இரண்டு அலகின் பெயரும் வரும்படி முழு வாக்கியமாகச் சொல்லவைப்பது என்று முடிவாயிற்று.

எழுதும் முறைக்கு இரண்டு நிரல்கள் கொண்ட எளிய அட்டவணையைத் தேர்ந்தோம். மேலே அலகின் பெயர்கள். அடியில் தெரிந்த இணை. அதற்கும் அடியில் ஏதாவது ஒரு பக்கத்தில் 1 வரும் வரிசை. கடைசியில் கேட்ட இணை. கூடவே, ஓரலகு முறை செல்லாத கணக்குகளையும் முதல் வாரத்திலிருந்தே கலந்து கொடுப்பது என்றும் வைத்துக்கொண்டோம். பாடத்தின் எல்லாக் கணக்குகளும் விகிதசமமாகவே, அதாவது இரண்டு அளவுகளும் ஒரே மடங்கில் மாறுபவையாகவே, இருந்தால், விகிதசமம்தானா என்று யோசிக்க மாணவருக்கு எந்தத் தேவையும் ஏற்படாது.

வகுப்பில் நடந்தது

முதல் வகுப்பில் ஆசிரியை கரும்பலகையில் 10, 14, 40 என்ற மூன்று விடைகளையும் எழுதி, யார் எதை எழுதினார்கள் என்று சொல்லாமல், எது சரியாக இருக்கும் என்று மட்டும் கேட்டார். சிறிது நேரம் கை தூக்கல்களாகவே போயிற்று. வீட்டில் பெட்டிக்கடை வைத்திருக்கும் ஒரு மாணவர்தான் முதலில் காரணத்தோடு பேசினார்: "பன்னெண்டு மிட்டாயே ஆறு ரூவாதானே டீச்சர், இருவது மிட்டாய் எப்படி நாப்பது ரூவா ஆகும்?" அவருக்குப் பக்கத்தில் இருந்தவர் அதை இன்னும் இறுக்கினார். இருபத்து நான்கு மிட்டாய் வாங்கினாலே 12 ரூபாய்தான் ஆகும், இருபது அதைவிடக் குறைவு, ஆகவே விடை 12க்குள் வர வேண்டும் என்றார். 40 மட்டுமன்றி 14உம் அந்த ஒரே வீச்சில் விழுந்தது.

இப்படி இரு மடங்கைக் கண்டு விடைக்கு எல்லை கட்டுவது எங்கள் திட்டத்தில் இல்லாத ஒன்று. ஆசிரியை அதை அப்போதே பிடித்துக்கொண்டு, இனி எந்தக் கணக்கிலும் வகுக்கத் தொடங்குமுன் விடை எதற்கும் எதற்கும் இடையில் வரும் என்று தாளின் ஓரத்தில் எழுத வேண்டும் என்று சொல்லிவிட்டார். பின்னால் நடந்தவற்றைப் பார்க்கும்போது, நாங்கள் யோசித்து வைத்த அட்டவணையைவிட மாணவர்களிடமிருந்து வந்த இந்தப் பழக்கமே அதிகத் தவறுகளைப் பிடித்தது என்று கருதுகிறேன்.

அதன் பிறகு 2 என்ற எண் என்ன என்ற விவாதம் வந்தது. ரெண்டு ரூபாய் என்று சொன்னவர்களை ஆசிரியை மறுக்காமல், 'ஒரு மிட்டாய்க்கு' என்று தொடங்கி முழு வாக்கியமாகச் சொல்லச் சொன்னார். சொல்லிப் பார்த்ததும் தாங்களே சிரித்துக்கொண்டு, கடையில் ரூபாய்க்கு ரெண்டு மிட்டாய் தருவார்கள் என்று திருத்திக்கொண்டார்கள். அட்டவணையில் ரூபாய்ப் பக்கம் 1, மிட்டாய்ப் பக்கம் 2 என்று வரிசை போட்டதும், அடியில் மிட்டாய்ப் பக்கம் 20 வந்தால் எதிரே 10 வரும் என்பதை யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

கூட்டல் வழியில் போன மாணவர்கள் இவ்வளவு எளிதாக நகரவில்லை. 2 டம்ளர் கூடினால் 2 கரண்டி கூடும் என்பது அவர்களுக்கு நியாயமாகவே பட்டது, சர்க்கரை ஓரளவு கூடத்தான் செய்கிறது அல்லவா? ஆசிரியை அவர்கள் விதியையே எடுத்துக்கொண்டு பின்னோக்கிப் போகச் சொன்னார். 4 டம்ளருக்கு 6 கரண்டி; 3 டம்ளருக்கு 5; 2 டம்ளருக்கு 4; 1 டம்ளருக்கு 3; பாலே இல்லாதபோது 2 கரண்டி. வெறும் பாத்திரத்தில் 2 கரண்டி சர்க்கரை கிடப்பதை அவர்களால் ஏற்க முடியவில்லை. பூச்சியம் வரை கொண்டுபோய்ச் சோதிப்பது இந்தப் பிழைக்கு நல்ல மருந்து; அடுத்துச் சென்ற வேறு பள்ளிகளிலும் இதை நான் பரிந்துரைத்து வருகிறேன்.

பின்னத்தில் சிக்கிய இடம்

பாயசக் கணக்கிலேயே இன்னொரு முட்டுக்கட்டை வெளிப்பட்டது. ஒரு டம்ளருக்கு எவ்வளவு என்று கேட்டால் 6÷4 என்று சரியாக எழுதியவர்களில் பலர், ஈவு 1, மீதி 2 என்று முடித்துவிட்டார்கள். மீதியை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று அவர்களுக்குத் தெரியவில்லை. சிலர் 'போகாது' என்று எழுதிவிட்டு எண்களைத் தலைகீழாக்கி மறுபடி முயன்றார்கள். பெரிய எண்ணைச் சிறிய எண்ணால் வகுக்கும் விதி ஏன் இத்தனை உறுதியாக ஒட்டிக்கொண்டிருந்தது என்பதற்கான இரண்டாவது காரணம் இங்கே புரிந்தது: மிட்டாய்க் கணக்கில் 6ஐ 12ஆல் வகுப்பது அவர்களைப் பொறுத்தவரை செய்யவே முடியாத காரியம். அலகு குறித்த குழப்பம் என்று நாங்கள் எண்ணியிருந்ததில் ஒரு பங்கு, வகுத்தலின் விடை பின்னமாக வரலாம் என்பதை அறியாமையே.

பாடத்தை நிறுத்திவிட்டுப் பின்னத்துக்குத் திரும்புவதா, முழு எண் வரும் கணக்குகளோடு முன்னே போவதா என்று பேசினோம். ஆசிரியை இடைவழி ஒன்றைத் தேர்ந்தார். சில வகுப்புகளைக் காகிதப் பட்டைகளை மடித்து, 6 கரண்டியை 4 டம்ளருக்குப் பங்கிடுவதற்குச் செலவிட்டார். ஒன்று ஒன்றாகக் கொடுத்தபின் மிஞ்சும் இரண்டைப் பாதிப்பாதியாக வெட்டினால் ஒவ்வொரு டம்ளருக்கும் ஒன்றரை என்று வருவதை அவர்கள் கையால் செய்து பார்த்தார்கள். அது கைகூடாதவர்களுக்கு, 1 வரிசைக்குப் பதில் வசதியான சிறிய இணையில் நிற்கவும் இடம் கொடுத்தார்: 4க்கு 6 என்றால் 2க்கு 3, ஆகவே 6க்கு 9. கறாராகப் பார்த்தால் இது ஓரலகு முறை இல்லை என்று ஒரு சக ஆசிரியர் ஆட்சேபித்தார். என் கருத்தில் அதன் உட்பொருள் இதுவேதான். பூக்கணக்கைச் சொன்ன மாணவியும் ஒரு கிராமுக்கு 60 பைசா என்று போகாமல் கிலோவை ஓரலகாக எடுத்துக்கொண்டார். 100 கிராமை ஓரலகாக எடுத்தால் 60 ரூபாய், அதை 7ஆல் பெருக்கினால் 420. எதை 'ஒன்று' என்று வைத்துக்கொள்வது என்பது கணக்குப் போடுபவரின் வசதி.

ஓரலகு செல்லாத இடங்கள்

வயதுக் கணக்கு இந்த வேளையில் பயன்பட்டது. அதே 12, 6, 20 என்ற எண்களுக்கு அட்டவணை போட்டு, 'அக்காவின் ஒரு வயதுக்குத் தம்பியின் அரை வயது' என்று வாக்கியம் சொல்லிப் பார்த்தபோது, வாக்கியமே பொருளற்றது என்று பலர் கண்டுகொண்டார்கள். அலகின் பெயரோடு முழு வாக்கியம் சொல்லும் பழக்கம் இங்கே இரண்டாம் வேலையையும் செய்தது.

அடுத்து வீட்டிலிருந்து எடுத்துக்காட்டுகள் கொண்டுவரச் சொன்னார் ஆசிரியை. மின்கட்டண அட்டையைக் கொண்டுவந்தவர்கள், இரண்டு மாதத்துக்கு அப்போது முதல் 100 யூனிட் இலவசமாக இருந்ததால் யூனிட் இரு மடங்கானால் கட்டணம் இரு மடங்காக நிற்பதில்லை என்று கண்டார்கள். ரேஷன் சர்க்கரை இன்னும் நல்ல எடுத்துக்காட்டாக அமைந்தது. ஆளுக்கு 500 கிராம் என்று சொல்லி ஒரு மாணவி 2 பேருக்கு 1 கிலோ, 4 பேருக்கு 2 கிலோ என்று அட்டவணை எழுதிக்கொண்டே போய், 6 பேருக்கு 3 கிலோ என்றார். பின் வரிசையிலிருந்து உடனே மறுப்பு வந்தது: "எங்க வீட்ல ஆறு பேரு டீச்சர், ரெண்டு கிலோதான் போடுறாங்க." ஆளுக்கு அரைக் கிலோ, ஆனால் அட்டைக்கு 2 கிலோவுக்கு மேல் இல்லை என்ற உச்சவரம்பைக் குழந்தைகள் பாடநூலிலிருந்து கற்றிருக்க வழியில்லை. ஒரே நிகழ்வு நான்கு பேர் வரை விகிதசமமாகவும் அதற்கு மேல் அப்படி இல்லாமலும் இருக்கலாம் என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் கணக்கை நாங்கள் உட்கார்ந்து உருவாக்கியிருக்க முடியாது.

எதிர் விகிதம் இதற்குப் பின் சிரமமின்றி வந்தது. 4 பேர் 3 மணி நேரத்தில் பறிக்கும் தோட்டத்தை 6 பேர் எவ்வளவு நேரத்தில் பறிப்பார்கள் என்பதில், ஒருவரே பறித்தால் 12 மணி நேரம் என்ற வரிசையைச் சிலர் தாமாகவே போட்டார்கள். ஒரு ஆள் 12 மணி நேரம் பறித்துக்கொண்டிருந்தால் மொட்டெல்லாம் மலர்ந்துவிடும், மார்க்கெட்டில் எடுக்கமாட்டார்கள் என்று எழுந்த ஆட்சேபம் பதிவு செய்யத்தக்கது. கணக்கில் வரும் நடு எண் உண்மையில் நடக்க வேண்டியதில்லை என்று ஆசிரியை விளக்கினார், அதை எல்லோரும் ஏற்றுக்கொண்டதாகச் சொல்ல முடியாது.

விளைவு

பாடம் முடிந்தபின் வேறு எண்களோடு வைத்த தேர்வில், பெரியதைச் சிறியதால் வகுத்துத் தவறான பெயர் சூட்டும் பிழை ஏறத்தாழ மறைந்திருந்தது. விடைக்கு எல்லை எழுதும் பழக்கத்தைப் பெரும்பாலானோர் கடைப்பிடித்தார்கள். கூட்டல் வழி சில மாணவர்களிடம், குறிப்பாக எண்களின் வித்தியாசம் 1 அல்லது 2ஆக இருக்கும் கணக்குகளில், மீண்டும் தலைகாட்டியது. தெருவில் வண்டிக்காரர்கள் ஒலிபெருக்கியில் கூவுவதைப் போலவே அமைத்த '3 கிலோ 100 ரூபாய், 5 கிலோ எவ்வளவு' என்ற கணக்கில் பலர் தடுமாறினார்கள். 33 ரூபாய் என்று வெட்டிவிட்டு 165 என்று முடித்தவர்களே அதிகம். 100ஐ முதலில் 5ஆல் பெருக்கி, கடைசியில் 3ஆல் வகுத்தால் வெட்டிய பகுதி வீணாகாது என்று ஆசிரியை பின்னர் காட்டினார். தள்ளிவைத்திருந்த குறுக்குப் பெருக்கல் வகுப்புக்குள் நுழைந்தது இந்த வழியாகத்தான்: ஓரலகு முறையின் இரண்டு படிகளையும் வரிசை மாற்றிச் செய்வதே அது என்று மாணவர்களுக்கு அப்போது தெரிந்திருந்தது.

விலையும் கொடுக்க வேண்டியிருந்தது. திட்டமிட்டதைவிடப் பாடம் நீண்டதால் அடுத்த வடிவியல் பாடத்தைச் சுருக்க நேர்ந்தது. பருவத் தேர்வு நெருங்கும்போது தலைமை ஆசிரியர் இதைச் சுட்டிக்காட்டியதில் நியாயம் இருந்தது. சில மாணவர்கள் அட்டவணையைப் பிடித்துக்கொண்டு, சதுரத்தின் பக்கம் இரு மடங்கானால் பரப்பளவும் இரு மடங்கு என்று எழுதவும் செய்தார்கள்.

அடுத்த ஆண்டுக்கு மாற்றப்படுபவை

பின்னமாக வரும் வகுத்தலைப் பாடத்தின் நடுவில் கண்டுபிடிப்பதற்குப் பதிலாக, கண்டறிதல் தேர்விலேயே 6÷4, 6÷12 என்ற இரண்டு வெறும் வகுத்தல்களைச் சேர்ப்பது என்று ஆசிரியை குறித்துவைத்திருக்கிறார். வாக்கியக் கணக்கில் தவறியவர் வகுத்தலில் தவறினாரா, அலகில் தவறினாரா என்பது அப்போது தனித்தனியே தெரிந்துவிடும். இரண்டு ஓரலகு வீதங்களையும் ஆறாம் வகுப்பில் முறையை அறிமுகப்படுத்தும் நாளிலேயே சொல்லவைப்பது அடுத்த மாற்றம். அந்த வகுப்புக்கும் அவரே கணிதம் எடுப்பதால் இது நடைமுறையில் சிக்கலாகாது. வண்டிக்காரர் கணக்கு போன்ற தீராத வகுத்தல்களைக் கடைசித் தேர்வுக்கு வைக்காமல் பாடத்தின் நடுவிலேயே கொண்டுவர வேண்டும், சதுரத்தின் பரப்பளவை ஓரலகு செல்லாத இடங்களின் பட்டியலில் சேர்க்க வேண்டும் என்பவை நான் முன்வைத்தவை.

மதிப்பிடும் முறையிலும் ஒரு மாற்றம் வருகிறது. பாடம் நடக்கும்போதே செய்யும் வளரறி மதிப்பீட்டில் இதுவரை வகுத்தல் படிக்கு ஒரு மதிப்பெண், விடைக்கு ஒரு மதிப்பெண் என்றிருந்தது. இனி வகுத்தல் படிக்குரிய மதிப்பெண், வந்த எண்ணுக்கு எதிரே 'ஒரு ரூபாய்க்கு 2 மிட்டாய்' என்பதுபோல இரண்டு அலகுகளும் எழுதப்பட்டிருந்தால் மட்டுமே தரப்படும்.